ஆளரவமற்ற சந்தி

மருதனார்மடம் சந்தியில் கமராவை முக்காலியில் நிறுத்தி, காங்கேசன்துறை வீதிப் பேருந்துகளின் விளக்குகளை ஒளிக்கோடுகளாக்கியவன் நான். இன்று அதே வித்தையை மருமகன் கணினி விளையாட்டில் செய்கிறான். பல விளையாட்டுகளின் 'போட்டோ மோட்' காலத்தை உறையவைத்துவிடும், அருவி ஓடாது. ஆகவே காட்சிக்கோணத்தை அசைக்காமல், விளையாட்டை ஓடவிட்டு 100 திரைப்பிடிப்புகள் எடுத்து, போட்டோஷொப்பில் சராசரியாக்குகிறான். நீர் பட்டாகிறது.

இதைப் போலி என்பாரோடு உடன்படேன்; பிலிமும் ஒளியைச் சிறுகச் சிறுகச் சேர்த்தே படமாக்கியது. என் உறுத்தல் வேறு. நூறில் ஒரு படத்தில் மட்டும் நின்றவன் ஒரு சதவீதமாகிக் கரைந்துபோகிறான். 1838இல் டாகெர் எடுத்த பாரிஸ் தெருப்படத்திலும் சப்பாத்துக்கு மெருகேற்ற நின்றவரே தெளிவாக மிஞ்சினார்; நடந்தவர்கள் இல்லை.

விளையாட்டில் கரைவது பொம்மை. என் படத்திலோ வீதியைக் கடந்த மனிதர்கள் கரைந்தார்கள். அதன்கீழ் 'ஆளரவமற்ற மருதனார்மடம்' என்றெழுதிப் பத்திரிகைக்கும் அனுப்பினேன்.