விண்ணில் வென்றவர் மண்ணிற் கற்ற பாடம்

ஒரு துறையிற் புகழ்பெற்றவரைப் பிறிதொரு துறைக்குத் தலைவராக்கின் அத்துறையும் அவராற் புகழ்பெறும் என்று எண்ணுவது உலக வழக்கு. பரீட்சையில் முதற்பரிசு பெற்றவனே மாணவர் சங்கத்துக்கும் பின்னர் அலுவலகத்துக்கும் தலைவனாதற்குத் தக்கவன் என்று நாமும் எண்ணுகின்றோம். இவ்வெண்ணம் எத்துணை பொருந்தும் என்பதை ஆராய்வார்க்கு அமெரிக்க விண்வெளி வீரர் பிராங்க் போர்மனுடைய வாழ்க்கை ஏற்றதொரு சான்றாகும்.

1928ஆம் ஆண்டு இந்தியானா மாநிலத்துக் கேரி நகரிற் பிறந்த போர்மன், அரிசோனாவிலே வளர்ந்து, பதினைந்து வயதிலேயே விமானம் ஓட்டப் பழகியவர். 1950இல் வெஸ்ற் பொயின்ற் இராணுவக் கல்லூரியிற் பயிற்சி முடித்து விமானப்படையிற் சேர்ந்தார். 1957இற் கலிபோர்ணியாத் தொழினுட்பக் கழகத்தில் விமானப் பொறியியலில் முதுமாணிப் பட்டம் பெற்றபின், தாம் பயின்ற வெஸ்ற் பொயின்றிலேயே ஆசிரியராகவும் இருந்தார். 1962இல் நாசா நிறுவனம் தெரிந்தெடுத்த ஒன்பதின்மருள் அவரும் ஒருவர்.

1965 டிசெம்பரில் ஜேம்ஸ் லவெலுடன் ஜெமினி 7 கலத்திற் பதினான்கு நாள் பூமியை வலம்வந்தார். 1967 சனவரி 27ஆம் நாள், அப்பொலோக் கலமொன்று ஏவுதளத்தில் ஒத்திகையின்போது தீப்பற்ற, அதனுள் இருந்த வீரர் மூவரும் மாண்டனர். அதனை விசாரித்த குழுவில் இடம்பெற்ற விண்வெளி வீரர் போர்மன் ஒருவரே. தோழர் மடிந்த கலத்தைத் துருவி ஆராய்ந்து, கண்ட குறைகளை மறையாது கூறியதோடு, அவற்றைத் திருத்தும் பணியிலும் முன்னின்றார். 1968 டிசெம்பர் 21ஆம் நாள், அதற்குமுன் மனிதரைச் சுமந்தறியாத சற்றேண் 5 ஏவுகணையில் ஏறி, லவெல், அன்டேர்ஸ் என்னும் இருவருடன் அப்பொலோ 8இன் தலைவராகச் சென்றார். சந்திரனைப் பத்துமுறை சுற்றி மீண்ட முதல் மனிதர் அம்மூவரே. சந்திர விளிம்பின்மேற் பூமி எழும் காட்சியை அன்டேர்ஸ் படம்பிடித்ததும் அப்பயணத்திலேதான்.

இத்தகைய பெருமையோடு 1970இல் ஓய்வுபெற்ற அவர், ஈஸ்டேர்ண் எயர்லைன்ஸ் என்னும் விமானக் கம்பனியிற் சேர்ந்தார். 1972 டிசெம்பர் 29ஆம் நாள் இரவு, அக்கம்பனியின் விமானம் ஒன்று புளோரிடாவின் சதுப்பு நிலத்தில் வீழ்ந்தபொழுது, தாமே சேற்றில் இறங்கி மீட்புப் பணிக்கு உதவினார். 1975இற் கம்பனியின் தலைமை அவர் கைக்கு வந்தது. ஊழியர் தம் சம்பளத்தில் ஒரு பகுதியை இலாபத்தோடு பிணைக்க இசைந்தமையால், முதலிற் சில ஆண்டுகள் நல்ல இலாபம் கிடைத்தது.

ஆயின் 1978இல் விமான சேவைமீதிருந்த அரசாங்கக் கட்டுப்பாடு நீக்கப்பட்டது. புதிய கம்பனிகள் குறைந்த கட்டணத்துடன் போட்டிக்கு எழுந்தன. எரிபொருள் விலையும் ஏறிற்று. எயர்பஸ், போயிங் விமானங்களைப் பெருங்கடன் பட்டு வாங்கிய கம்பனி வட்டிச்சுமையால் நலிந்தது. போர்மன் மீண்டும் மீண்டும் ஊழியரிடம் சம்பளக் குறைப்புக் கேட்டார். 1984இல் அதற்கு ஈடாகக் கம்பனிப் பங்குகளிற் காற்பகுதியும் பணிப்பாளர் சபையில் இடமும் ஊழியருக்குக் கிடைத்தன. அதுவும் நிலைக்கவில்லை. 1986 பெப்ரவரியில் விமானிகள் குறைப்புக்கு இணங்கினர். இயந்திரத் தொழிலாளர் சங்கத் தலைவரோ போர்மன் பதவி விலகவேண்டும் என்று நிபந்தனை விதித்தார். பணிப்பாளர் சபை அதனை ஏற்காது கம்பனியையே ரெக்சஸ் எயர் நிறுவனத்துக்கு விற்றது. அவ்வாண்டு யூன் மாதம் போர்மன் விலகினார். 1989இல் வேலைநிறுத்தமும் வங்குரோத்தும் வந்தன. 1991 சனவரியில் ஈஸ்டேர்ண் விமானங்கள் பறப்பது நின்றது. வங்குரோத்து இல்லாத முதலாளித்துவம் நரகம் இல்லாத கிறித்தவ சமயம் போன்றது என்று முன்னொருகாற் கூறியவர் போர்மன். அந்நரகம் தாம் வளர்த்த கம்பனியையே விழுங்கியதை அவர் காண நேர்ந்தது.

தொழிற்சங்கமே கெடுத்தது என்பார் சிலர். போர்மனின் இராணுவப் போக்கே கெடுத்தது என்பார் வேறு சிலர். காலமாற்றமும் கடனும் செய்த கேட்டை இவ்விரு சாராரும் மறந்துவிடுகின்றனர். எனினும் ஒன்று சொல்லத் துணிகின்றேன். விண்கலத்தில் மூவருக்கும் குறிக்கோள் ஒன்றே. தலைவன் தவறினால் அவன் உயிரும் உடன்போகும். ஆதலால் அங்கே கட்டளையிட்டால் ஏனையோர் ஐயமின்றிக் கீழ்ப்படிவர். கம்பனியிலோ தலைவன் தவறின் பயனை முதலில் அனுபவிப்பவர் விமானம் திருத்துவோரும் பொதி சுமப்போருமே. அவர்களிடம் கீழ்ப்படிவை எதிர்பார்க்குமுன் நம்பிக்கையை ஈட்டல் வேண்டும். அந்நம்பிக்கை ஒரு தரப்பாலும் பேணப்படவில்லை. விட்டுக்கொடுக்க மனமில்லாத இருவர் எதிரெதிர் நின்றனர். இழந்தவரோ ஆயிரக்கணக்கான குடும்பத்தினர்.

இதனாற் போர்மனைச் சிறியர் என்று கூறேன். சேற்றில் இறங்கிய அவ்விரவும், மாண்ட தோழருக்காக உண்மை உரைத்த அக்காலமும் அவர் பெருமையைக் காட்டும். துணிவும் நேர்மையும் எத்துறைக்கும் உடன்வரும். பிறர் சொல்லைக் கேட்டு இணங்கும் ஆற்றலோ ஒவ்வொரு துறையிலும் புதிதாகக் கற்கவேண்டியது. 2023 நவம்பரில், தமது 95ஆவது வயதில், அவர் காலமானார்.

பரிசுகளோடு கல்லூரி வாயிலைக் கடக்கும் மாணவ தம்பியரே, அப்பரிசுகள் உங்களுக்கு வாயிலைத் திறந்துவிடும். உள்ளே இருப்போரின் உள்ளத்தைத் திறக்கமாட்டா. தலைமைப் பதவிகளில் அமர்ந்திருக்கும் பழைய மாணவராகிய நாமும், இவ்விழாக் காலத்தில் நம் கீழ்ப் பணிபுரிவோர் சொல்லுக்கு எத்துணை செவிசாய்த்தோம் என்று ஒருமுறை எண்ணிப் பார்ப்போமாக.