பாட்டு தமிழ், பெயர் ஆங்கிலமா?

தமிழன் கித்தாரைத் தொட்டதும் இசை கெட்டது என்று கூக்குரலிடுவார் சிலர். அவர்தம் மேடையில் வீற்றிருக்கும் பிடில் எந்நாட்டுக் கருவி? ஐரோப்பாவினின்று வந்ததன்றோ! முத்துச்சாமி தீட்சிதரின் தம்பி பாலுசாமி, மேனாட்டார் ஒருவரிடம் கற்று அதனை உள்ளே கொணர்ந்தார். தமையனோ மேனாட்டு மெட்டுகளுக்கே வடமொழிப் பாட்டுக் கட்டினார். அன்று படாத தீட்டு இன்று கித்தாரால் மட்டும் படுமோ? தமிழ்நாட்டில் தமிழ்ப்பாட்டுக்கு இடங்கேட்டு 1943-இல் தமிழிசைச் சங்கம் காண வேண்டி வந்ததே, அதற்குக் கரணியம் கித்தாரா? தமிழைத் 'துக்கடா'வாக்கிக் கடைக்கோடியில் தள்ளிய தெலுங்குக் கீர்த்தனைப் பற்று!

கருவி அயலதாயினும் நா தமிழாயின் கேடில்லை. சவ்வாது மலையடியில், கணியம்பாடி சூழ்ந்த வடவார்க்காட்டுச் சிற்றூர்களில், விடிய விடிய நடக்கும் தெருக்கூத்தே சான்று. மத்தளத்தோடும் முகவீணையோடும் ஒலிக்கும் ஆர்மோனியம் 19-ஆம் நூற்றாண்டில் பாரிசில் உருவானது. ஆயினும் பாஞ்சாலியின் துயரைக் கூத்தன் தமிழிலேயே பாடுகின்றான். உழவன் கேட்டுக் கண்கலங்குகின்றான்.

இந்நோக்கில், 2018 சனவரி 6 அன்று சென்னைக் கீழ்ப்பாக்கத்தில் மேடையேறிய குழுவைக் காண்க. பா. இரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையமும் இசையமைப்பாளர் தென்மாவும் ஒன்றுகூட்டிய 19 பேர். பறையும் கானாவும் இராக்கும் இராப்பும் அதிற் கலந்தன. இராக்கை ஈன்ற புளூசும், அதன் உடன்பிறப்பான சாசும் அமெரிக்காவில் அடிமைப்பட்ட கருப்பின மக்களின் வழியினர் படைத்தவை. பருத்திக் காட்டில் முதுகொடிந்தோர் குரல், வடசென்னைச் சாவுவீட்டுக் கானாவோடு கூடியதில் வியப்பென்ன? சாதிக் கொடுமையையும் இட ஒதுக்கீட்டின் நேர்மையையும் அவர்கள் பாடினர். பறையைத் தீட்டென்ற செவிகளுக்கு நல்ல அடி! பறையைச் சங்கப் பாட்டிற் போற்றித் தெருவில் ஒதுக்கிய தமிழ்ப்புலவரும் உளர். அவர்க்கும் சேர்த்தே அவ்வடி.

எல்லாம் சரி. குழுவின் பெயர்? 'தி கேசுட்லெசு கலெக்டிவ்'!

அயோத்திதாசப் பண்டிதரின் 'சாதியற்ற தமிழர்' என்னும் வழக்கினின்று எடுத்த பெயராம். 'சாதியற்ற' என்பது ஆங்கிலமாயிற்று. 'தமிழர்' எங்கே போயினர்? 'கலெக்டிவ்' ஆகிவிட்டனரா? 1907-இல் பண்டிதர் தொடங்கிய இதழின் பெயர் 'ஒரு பைசாத் தமிழன்'. மறு ஆண்டே 'ஒரு பைசா' உதிர்ந்தது, 'தமிழன்' நின்றது. அவர் வழியினர் அந்தத் 'தமிழனை'யன்றோ உதிர்த்துவிட்டனர்!

உலக மேடைக்கு ஆங்கிலம் வேண்டும் என்பர். பறையர் என்னும் பெயரைத் திரித்து, ஒதுக்கப்பட்டவன் என்னும் இழிபொருளில் தன் அகரமுதலியில் ஏற்றிக்கொண்ட மொழி எது? ஆங்கிலம்! அம்மொழியிலா சாதியொழிப்புக்குப் பெயர் தேடுவது? இசையில் எதை வேண்டுமாயினும் கலக்கட்டும், புதுமை காணட்டும். பெயரைப் பண்டிதர் தமிழிலேயே தந்துள்ளார். கணியம்பாடித் தெருவில் இவ்வாங்கிலப் பெயரைத் தட்டியில் எழுதி வைத்தால், எவனுக்காகப் பாடினரோ அவ்வுழைப்பாளி எழுத்துக்கூட்டிப் படித்துப் பொருள் விளங்காது நடப்பான். பாட்டு அவனுடையது என்று அவனிடம் சொல்வார் யார்?