யூடிஆர் பிழையை யார் திருத்த வேண்டும்?

கிரயப் பத்திரம் கையில் இருக்கும், கிஸ்தி ரசீதும் இருக்கும். இணையத்தில் சிட்டா எடுத்துப் பார்த்தால், பட்டாதாரர் பெயராக நிற்பது பக்கத்து நிலத்துக்காரர். அல்லது நிலத்தை விற்றுவிட்டு என்றோ ஊரைவிட்டுப் போனவர். தாலுகா அலுவலகத்தில் கேட்டால் கிடைக்கும் பதில்: "யூடிஆர்லயே இப்படித்தாங்க ஏறியிருக்கு."

யூடிஆர் எனப்படும் நில உடைமை மேம்பாட்டுத் திட்டம் தமிழகத்தில் 1979 முதல் 1987 வரை நடந்தது. கைமாறியும் பாகம் பிரிந்தும் போன நிலங்கள் பழைய பெயர்களிலேயே கிடந்ததைச் சரிசெய்வது அதன் நோக்கம். திட்டம் நடந்துகொண்டிருந்தபோதே, 1980 நவம்பரில், கர்ணம், மணியக்காரர் பதவிகளை எம்.ஜி.ஆர். அரசு ஒழித்தது. பரம்பரையாக வந்த அந்த அதிகாரம் போக வேண்டியதுதான். ஆனால், எந்த வரப்புக்கு அந்தப்பக்கம் யாருடைய பங்கு என்று அறிந்தவர்களும் அதோடு போனார்கள். பதிவுகளில் பிழை மலிந்ததற்கு இதுவும் ஒரு காரணம் என்பது என் கணிப்பு.

பெயர்ப் பிழையாவது கண்ணில் படும். பரப்புப் பிழை அப்படியல்ல. பத்திரம் ஏக்கர், சென்ட்டில் பேசும். பட்டா ஹெக்டேர், ஏர்ஸில் பேசும். 2 ஏக்கர் 10 சென்ட் என்பது 0.85.0 ஹெக்டேர். எழுதும்போது அது 0.58.0 என்று இடம் மாறிவிட்டால் 66 சென்ட்டுக்கு மேல் காணாமல் போகும். நிலம் அங்கேயே இருக்கிறது, உழவும் நடக்கிறது; விற்கப் போகும் அன்றுதான் வீட்டில் இடி விழும். பதிவேடுகள் கணினிக்குப் போனபோது இந்தப் பிழைகளும் சேர்ந்தே ஏறின. மங்கிய மையில் இருந்தவரை சந்தேகத்துக்கு இடம் தந்த பதிவு, அச்சிட்ட சிட்டாவானதும் அசைக்க முடியாத ஆவணமாகிவிட்டது.

பட்டா மட்டுமே நில உரிமையை நிலைநாட்டாது என்று நீதிமன்றங்கள் திரும்பத் திரும்பச் சொல்கின்றன. சட்டப்படி சரி. ஆனால் பயிர்க்கடன் தரும் கூட்டுறவுச் சங்கமும், சாலைக்கு நிலம் எடுக்கும்போது நோட்டீஸ் அனுப்பும் அலுவலரும் முதலில் பார்ப்பது பட்டாவைத்தான்.

சரி, திருத்தப் போனால்? மூலப்பத்திரம், வில்லங்கச் சான்று, வாரிசுச் சான்று எல்லாம் கேட்கிறார்கள். கேட்கட்டும். கூடவே யூடிஆருக்கு முந்தைய எஸ்.எல்.ஆர். பதிவேட்டின் நகலும் வேண்டும் என்கிறார்கள். அந்தப் பதிவேடு வருவாய்த் துறையின் ஆவண அறையில்தான் இருக்கிறது. தன் அலமாரியில் இருப்பதை, மனுப்போட்டு நகல் வாங்கித் தன்னிடமே கொண்டுவரச் சொல்லும் துறையை வேறெங்கே பார்க்க முடியும்? பிறகு வி.ஏ.ஓ. அறிக்கை, ஆர்.ஐ. அறிக்கை, சர்வேயர் வரும் நாளுக்கான காத்திருப்பு. கோப்பு பெரும்பாலும் மாவட்ட வருவாய் அலுவலர் வரை போகிறது. இத்தனைக்கும் பிறகு வரும் உத்தரவு, 'உரிமையியல் நீதிமன்றத்தை நாடவும்' என்று ஒற்றை வரியில் முடிவதும் உண்டு.

அலுவலர்களின் அச்சத்தில் நியாயம் இல்லாமல் இல்லை. திருத்தம் என்ற பெயரில் அடுத்தவர் நிலத்தை எழுதி வாங்க வருபவர்கள் இருக்கிறார்கள். தவறான உத்தரவு போட்டால் விசாரணை அவர்கள் மீதுதான் வரும். அதனால்தான் உரிமைத் தகராறு மனுவையும் எழுத்துப் பிழை மனுவையும் ஒரே வரிசையில் நிறுத்தக் கூடாது. பங்காளிச் சண்டை, போலிப் பத்திரம், உயில் தகராறு ஆகியவை நீதிமன்றத்துக்கே போகட்டும். பழைய பதிவேட்டில் ஒன்றும், இடையில் எந்தக் கிரயமும் பாகப்பிரிவினையும் இல்லாமல் யூடிஆரில் வேறொன்றும் இருந்தால், அதில் வழக்கு என்ன இருக்கிறது? அது துறையின் எழுத்துப் பிழை. அதைத் துறையே தேடிப் பிடித்து, பதிவில் உள்ளவருக்கும் அண்டை நிலத்தாருக்கும் நோட்டீஸ் கொடுத்து, செலவில்லாமல் திருத்திக் கொடுக்க வேண்டும்.

இதற்குப் புதிய செயலி எதுவும் தேவையில்லை. பசலி ஆண்டு முடிவில் கிராமக் கணக்குகளைத் தணிக்கை செய்ய ஜமாபந்தி நடக்கிறது. இன்று அது பெரும்பாலும் மனு வாங்கும் நாளாகச் சுருங்கிவிட்டது. ஆண்டுக்குச் சில கிராமங்களை எடுத்துக்கொண்டு, எஸ்.எல்.ஆரையும் இன்றைய கிராம நிலப் பதிவேடான 'அ' பதிவேட்டையும் பக்கத்தில் வைத்து ஒப்பிட்டு, மாறுபடும் சர்வே எண்களை ஊர்ச் சாவடியில் ஒட்டலாம். மனுவை மறுக்கும் அலுவலர், எந்த ஆவணம் எதனோடு முரண்படுகிறது என்று உத்தரவில் எழுதியாக வேண்டும் என விதி செய்யலாம். மேல்முறையீட்டுக்குப் போகிறவருக்கு எதை மறுத்து வாதாடுவது என்றாவது அப்போது தெரியும்.