தெர்மாமீட்டரும் தீட்டும்

2020 மார்ச்சில் ரேஷன் கடைச் சுவரிலிருந்து பஸ் ஸ்டாண்டு கக்கூஸ் வரை ஒட்டியிருந்த அந்தச் சுவரொட்டியை நாம் யாரும் மறந்திருக்க மாட்டோம். காய்ச்சல், வறட்டு இருமல், மூச்சுத்திணறல். இவை இருந்தால் வீட்டிலேயே தனி அறையில் இருங்கள் என்றது. தனி அறையாம்! குடிசை மாற்று வாரியக் குடியிருப்பில் ஒரே அறையில் ஆறு பேர் படுத்திருக்கிற வீட்டுக் கதவிலும் அதையேதான் ஒட்டினார்கள். கொரோனா சாதி மதம் பார்க்காது என்று தொலைக்காட்சியில் ஓயாமல் சொன்னார்கள். கிருமி பார்க்காது, ஒத்துக்கொள்வோம். கிருமியின் அறிகுறியைப் பார்க்கிற கண் ஒன்று இருக்கிறதே, அது என்ன பார்க்கும்?

அறிகுறி என்பது உடம்பு பேசுகிற பேச்சு. பேசினால் மட்டும் போதாது. கேட்க ஒரு ஆள் வேண்டும். கேட்டதை நம்ப வேண்டும். நம்பினால் அந்த உடம்பைப் படுக்க விட வேண்டும். இந்த மூன்றும் இந்த நாட்டில் சாதிவாரியாகத்தான் பங்கிடப்பட்டிருக்கின்றன.

அம்பேத்கர் 1930களில் எழுதிய 'வெயிட்டிங் ஃபார் எ விசா' குறிப்புகளில் ஒரு கடிதத்தை எடுத்துக் கொடுத்திருக்கிறார். கத்தியவார் பகுதிக் கிராமம் ஒன்றில் வேலை பார்த்த தீண்டப்படாத ஆசிரியர் ஒருவர் எழுதியது. 1929 டிசம்பர் 12 'யங் இந்தியா' இதழில் வந்தது. பிள்ளை பெற்ற இரண்டாம் நாள் அவர் மனைவிக்குப் பேச்சு குழறுகிறது, மூச்சு வாங்குகிறது, விலாவில் வலி. டாக்டர் வீட்டுக்கு வர மறுக்கிறார். ஊர்ப் பெரியவர் ஒருவர் இரண்டு ரூபாய் பீஸுக்கு ஜாமீன் நின்ற பிறகு, சேரிக்கு வெளியே கொண்டுவந்தால் பார்க்கிறேன் என்கிறார். பச்சை உடம்புக்காரியைப் பிள்ளையோடு வெளியே தூக்கி வருகிறார் கணவர். டாக்டர் தெர்மாமீட்டரை ஒரு முஸ்லிமிடம் கொடுக்கிறார். முஸ்லிம் கணவரிடம், கணவர் மனைவியிடம். அது திரும்பிப் போனதும் அதே வழிதான். விளக்கு வெளிச்சத்தில் பார்த்துவிட்டு நிமோனியா என்று சொல்லிவிட்டுப் போகிறார் டாக்டர். மறுபடி வந்து பார்க்க மாட்டேன் என்று விட்டார். அந்தப் பெண் செத்துப்போனாள்.

இதில் கவனிக்க வேண்டியது ஒன்று. அந்த டாக்டருக்கு அறிகுறி தெரியாமல் இல்லை. பெயர்கூடச் சொன்னார். தெரிந்துகொள்வதற்கும் தொடுவதற்கும் நடுவே தீட்டு நின்றது. 2020இல் வங்கி வாசலிலும் கடை வாசலிலும் நெற்றிக்கு நேரே நீட்டினார்களே ஒரு துப்பாக்கி, தொடாமலே சூடு பார்க்கிற தெர்மாமீட்டர். அது கிடைத்திருந்தால் அந்த டாக்டருக்கு நடுவில் ஒரு ஆள்கூடத் தேவைப்பட்டிருக்காது.

அந்தத் துப்பாக்கி யாரைச் சுட்டது என்பதையும் பார்க்கலாம். நான் வங்கியில் குமாஸ்தா. எங்கள் கிளையில் பத்து மணிக்குக் கதவு திறக்கும்போது அது வாசலுக்கு வரும். வாடிக்கையாளர், ஊழியர், மேலாளர் எல்லோருக்கும் அளப்பார்கள். கூட்டிப் பெருக்குகிற அம்மா காலை ஏழரைக்கே வந்து, நாங்கள் தொட்ட மேஜை, துப்பிய வாஷ்பேசின் எல்லாவற்றையும் துடைத்துவிட்டு ஒன்பதரைக்கெல்லாம் போய்விடுவார். அவர் நெற்றியை ஒருநாளும் எந்தக் கருவியும் பார்த்ததில்லை. எனக்குக் காய்ச்சல் என்றால் சம்பளத்தோடு விடுப்பு. அவர் ஒப்பந்தக்காரரின் ஆள். ஒருநாள் வரவில்லை என்றால் ஒருநாள் கூலி போச்சு, மூன்று நாள் வரவில்லை என்றால் வேறு ஆள் வந்துவிடும். "லேசா மேலு காயுது சார், ஒண்ணுமில்ல" என்பார். அந்த 'ஒண்ணுமில்ல'தான் நம் மக்களின் மருத்துவ அறிக்கை. விடுப்பு இல்லாதவருக்கு அறிகுறியும் இருக்கக் கூடாது. இதுதான் எழுதப்படாத சட்டம். ஊரடங்குக் காலத்தில் கூலியைப் பிடிக்காதே என்று 2020 மார்ச் 29இல் உள்துறை அமைச்சகம் போட்ட ஆணைகூட மே 18இல் இல்லாமல் போய்விட்டது. காய்ச்சல் மட்டும் மே 18இல் நிற்கவில்லை.

அறிகுறிப் பட்டியலின் மொழியையே எடுத்துக்கொள்வோம். 'உடல் சோர்வு' என்கிறது பட்டியல். விடியற்காலை நாலு மணிக்குக் குப்பை வண்டி தள்ளப் போகிறவருக்குச் சோர்வு என்பது தினசரி. 'தசை வலி' என்கிறது. நாத்து நட்டு இடுப்பு ஒடிந்தவளிடம், செங்கல் சுமந்தவனிடம் போய் இன்று உமக்குத் தசை வலியா என்று கேட்டால் என்ன சொல்வார்? 'இருமல்' என்கிறது. கல்குவாரித் தூசியிலும் குப்பை மேட்டுப் புகையிலும் பத்து வருஷம் இருமியவருக்கு எந்த இருமல் புதிய இருமல்? இந்தப் பட்டியல் ஓய்ந்திருக்கிற ஒரு உடம்பை மனதில் வைத்து எழுதப்பட்டது. வழக்கமாக நலமாயிருக்கிற, திடீரென்று ஒருநாள் மாறுகிற உடம்பு அது. நம் உடம்புக்கு அந்த 'வழக்கமான நலம்' எப்போது வாய்த்தது?

மணம் தெரியாமல் போவதைப் பற்றித் தனியே பேச வேண்டும். 2020 ஜூன் 13 அன்றுதான் நம் ஒன்றிய சுகாதார அமைச்சகம் மணமும் சுவையும் போவதை அறிகுறிப் பட்டியலில் சேர்த்தது. காப்பித்தூளை மோந்து பாருங்கள், ஊதுவத்தியை மோந்து பாருங்கள் என்றார்கள். நல்லது. சாக்கடைக்குள் இறக்கப்படுகிற மனிதன் எதை மோந்து பார்ப்பான்? அங்கே இருக்கிற ஹைட்ரஜன் சல்ஃபைடு வாயு கொஞ்சமாக இருக்கும்போது அழுகிய முட்டை நாற்றம் அடிக்கும். பத்து லட்சத்தில் நூறு பங்கு அளவை எட்டினால் மூக்கு மரத்துப்போகும், நாற்றமே தெரியாது. நாற்றம் நின்றது என்றால் சாவு பக்கத்தில் வந்துவிட்டது என்று பொருள். கொரோனா வருவதற்கு எத்தனையோ காலம் முன்பே வாசனை போவது எங்கள் ஆட்களுக்கு அறிகுறிதான். அதை யாரும் சுவரில் ஒட்டவில்லை. 2013இல் சட்டம் போட்டும் குழிக்குள் இறக்குவது நிற்கவில்லை. 2023 அக்டோபரில் உச்சநீதிமன்றம் செத்தவருக்கு 30 லட்சம் கொடு என்று சொல்ல வேண்டியிருந்தது. நாற்றத்தைத் தாங்கக் குடிக்கிற மூக்கு, பிளீச்சிங் பவுடரில் வெந்த மூக்கு. இந்த மூக்குக்கு மணம் போனதா என்று சோதிக்கும் முன், அதைக் கெடுத்தது யார் என்று கேட்க வேண்டாமா?

கருவிகளும் யோக்கியம் இல்லை. விரலில் மாட்டுகிற ஆக்ஸிமீட்டர் தோலுக்குள் ஒளியை அனுப்பி ரத்தத்தில் உள்ள ஆக்சிஜனைக் கணக்கிடுகிறது. இங்கே 94க்குக் கீழே போனால் ஆஸ்பத்திரிக்குப் போ என்றார்கள். 2020 டிசம்பரில் அமெரிக்காவில் மிச்சிகன் ஆய்வாளர்கள் ஒரு முடிவை வெளியிட்டார்கள். கருவி 92 முதல் 96 வரை காட்டிய நேரத்தில், ரத்தத்தை எடுத்துச் சோதித்தால் உண்மையில் 88க்கும் கீழே இருந்தது, கறுப்பினத்தவர் அளவீடுகளில் 11.7 சதம், வெள்ளையரில் 3.6 சதம். ஆபத்தில் கிடக்கிற கருத்த உடம்பைப் பார்த்து 'நல்லாத்தான் இருக்கே' என்கிறது கருவி. உதடு நீலமாகும் என்று புத்தகத்தில் இருப்பதும் வெளுத்த தோலைப் பார்த்து எழுதியது. கருத்த தோலில் அது சாம்பல் பூத்தாற்போலத்தான் தெரியும். நகக்கண்ணிலும் ஈறிலும் பார்க்க வேண்டும். அமெரிக்க நோய்க்கட்டுப்பாட்டு மையமே பிறகு தன் பட்டியலில் தோல் நிறத்துக்கேற்ப வெளிறல், சாம்பல், நீலம் என்று எழுதியது. நாம் கற்க வேண்டிய பாடம் இது. நம் ஊரில் கருப்பைப் பற்றிக் கவிதை எழுதுவோம். கருத்த தோலில் நோயைப் பார்ப்பது எப்படி என்று மருத்துவக் கல்லூரியில் கேட்டிருக்கிறோமா?

அரசு நம்மைப் பார்த்த விதமும் இருக்கிறது. 2020 மார்ச் இறுதியில் உத்தரப்பிரதேசத்தின் பரேலியில், நடந்தும் பஸ் பிடித்தும் ஊர் திரும்பிய கூலித் தொழிலாளர்களைச் சாலையில் குந்த வைத்துக் கிருமிநாசினித் தண்ணீரைப் பீய்ச்சி அடித்தார்கள். யாருக்குக் காய்ச்சல், யாருக்கு இருமல் என்று பார்த்தா அடித்தார்கள்? ஆளையே அறிகுறியாகப் பார்த்தார்கள். அந்த உடம்புகள் மொத்தமும் நோய். இன்னொரு பக்கம் எல்லா இருமலையும் கொரோனா என்று பார்த்ததில் காசநோய் மறைந்துபோனது. 2019இல் நாட்டில் பதிவான காசநோயாளிகள் சுமார் 24 லட்சம். 2020இல் 18 லட்சம். ஆறு லட்சம் பேருக்கு ஒரே வருஷத்தில் நோய் பறந்தா போயிற்று? அவர்களைப் பார்க்க ஆள் இல்லை, அவ்வளவுதான்.

நோய் போன பிறகும் போகாத அசதி ஒன்று உண்டு. கொரோனா வந்து மூன்று மாதம் ஆகியும் களைப்பு, மூச்சிரைப்பு, மறதி நீடிப்பதை 2021 அக்டோபரில் உலக சுகாதார நிறுவனம் தனி நிலையாக வரையறுத்தது. அதிகாரி ஒருவருக்கு இது வந்தால் 'பாவம், கொரோனாவுக்கு அப்புறம் முன்ன மாதிரி இல்ல' என்பார்கள். வண்டி தள்ளுகிறவர் நடுவில் உட்கார்ந்தால் மேஸ்திரி என்ன சொல்வான்? "ஒடம்பு வளையல." பண்ணையார் காலத்திலிருந்து நம் களைப்புக்கு இவர்கள் வைத்த பெயர் சோம்பேறித்தனம். ஒரே அறிகுறி ஒரு சாதியில் நோயாகவும் இன்னொரு சாதியில் குணக்கேடாகவும் வாசிக்கப்படுகிறது. இதைவிடத் துல்லியமாகச் சாதியை எந்தச் சோதனைக்கூடம் காட்டும்?

2023 மே 5இல் அவசரநிலை முடிந்தது என்று உலக சுகாதார நிறுவனம் சொல்லிவிட்டது. கிருமி முடியவில்லை. உருமாறி உருமாறிச் சுற்றிக்கொண்டுதான் இருக்கிறது. அடுத்த அலையோ அடுத்த கொள்ளைநோயோ வரும்போது நம் தெருவுக்கு மறுபடி சுவரொட்டி மட்டும் வரட்டும் என்று உட்கார்ந்திருக்கப் போகிறோமா? தோழர்களுக்கும் மாணவர்களுக்கும் சொல்ல விரும்புவது இதுதான்: அறிகுறி பார்க்கிற வேலையை இயக்கம் கையில் எடுக்க வேண்டும்.

அது ஒன்றும் மந்திரம் இல்லை. ஒமிக்ரானுக்குப் பிறகு வருவது பெரும்பாலும் தொண்டை வலி, மூக்கொழுகல், இருமல், காய்ச்சல், மேல்வலி, சிலருக்கு வயிற்றுப்போக்கு. வாசனை போவது முன்னைவிடக் குறைவு. ஆகவே வாசனை தெரிகிறது, எனக்குக் கொரோனா இல்லை என்று யாரும் முடிவு கட்ட வேண்டாம். தொற்றிய இரண்டாம் நாளிலிருந்து பதினான்காம் நாளுக்குள் தெரியும். காய்ச்சல் தணிந்தது என்று வேலைக்குக் கிளம்புகிறவரை ஒரு வாரம் கவனிக்க வேண்டும். மூச்சுத்திணறல் அதன் பிறகும் வரலாம். கருவி இல்லையென்றால் கடிகாரம் போதும். அமைதியாகப் படுத்திருக்கும்போது வயிறு ஏறி இறங்குவதை ஒரு நிமிஷம் எண்ணுங்கள். பெரியவர்களுக்கு 24ஐத் தொட்டாலே ஆஸ்பத்திரி. ஒரு வாக்கியத்தை மூச்சு வாங்காமல் பேச முடியவில்லை, நெஞ்சில் கல் வைத்தாற்போல அழுத்துகிறது, பேச்சு குழம்புகிறது, எழுப்பினால் எழவில்லை, நகக்கண் சாம்பல் பூக்கிறது என்றால் அந்த நிமிஷமே 108ஐக் கூப்பிடுங்கள். கருவி என்ன எண் காட்டினாலும் சரி. சர்க்கரை, ரத்தக் கொதிப்பு, பழைய காசநோய் உள்ளவர்கள், அறுபது தாண்டியவர்கள் யார் யார் என்று தெருவாரியாக நமக்குத் தெரிந்திருக்க வேண்டும். இருமல் இரண்டு வாரம் தாண்டினால் சளியைக் காசநோய்க்கும் சோதிக்கச் சொல்லிக் கேட்க வேண்டும்.

கேட்கிற விதத்தையும் மாற்றுவோம். உடல் சோர்வு உண்டா என்று கேட்டால் இல்லை என்றுதான் பதில் வரும். "நேத்து ஏறின மாடிய இன்னிக்கு ஏற முடியுதா? கொழம்பு வாசம் தெரியுதா? வாய் சப்புன்னு இருக்கா? ராத்திரி படுத்தா மூச்சு முட்டுதா?" என்று கேட்டுப் பாருங்கள். நேற்றைய உடம்போடு இன்றைய உடம்பை ஒப்பிடுகிற கேள்விக்குத்தான் எங்கள் அம்மாக்கள் உண்மை சொல்வார்கள்.

உண்மை சொன்னவருக்கு வீட்டில் அடுப்பு எரிய வேண்டும். அதனால் இது மருத்துவ வேலையோடு முடியாது. ஒப்பந்தத் துப்புரவுத் தொழிலாளிக்குச் சம்பளத்தோடு நோய் விடுப்பு வேண்டும். இஎஸ்ஐ திட்டப்படி வருஷத்துக்கு 91 நாள் வரை 70 சதக் கூலி நோய்க்காலப் பயனாகக் கிடைக்க வேண்டும். ஒப்பந்தக்காரர் பணத்தைப் பிடித்தாரா, பிடித்ததைக் கட்டினாரா, அட்டை கொடுத்தாரா என்று வார்டு வாரியாகக் கணக்குக் கேட்க வேண்டும். துப்புரவுத் தொழிலாளியைத் தூய்மைப் பணியாளர் ஆக்கினார்கள், காலைக் கழுவினார்கள், பூத்தூவினார்கள். பெயரும் பூவும் இருக்கட்டும். காய்ச்சல் அடித்தால் படுக்க ஒருநாள் கொடு.

1897 புனே பிளேக்கின்போது சாவித்ரிபாய் புலே, மகர் குடியிருப்பில் நோயில் கிடந்த சிறுவன் ஒருவனைத் தூக்கிச் சுமந்துகொண்டு தன் மகனின் மருத்துவமனைக்கு ஓடினார். அந்த நோய் தொற்றி மார்ச் 10 அன்று இறந்தார். கத்தியவார் டாக்டர் தெர்மாமீட்டரைக் கைமாற்றிக் கொடுத்தது அதற்கு முப்பத்திரண்டு வருஷம் கழித்து. இரண்டு பேருமே அறிகுறியைப் பார்த்தவர்கள்தான். இன்று நம்மிடம் முகக்கவசம் இருக்கிறது, தடுப்பூசி இருக்கிறது, சோப்பு இருக்கிறது. சாகாமல் பக்கத்தில் போக வழி இருக்கிறது. பக்கத்தில் போய், உட்கார்ந்து, மூச்சை எண்ணுவோம்.