ஹிபாரி அப்படிச் சொல்லவில்லை

2019ஆம் ஆண்டின் கடைசி இரவில், ஜப்பானின் என்.எச்.கே தொலைக்காட்சியில், இறந்து முப்பது வருஷமான ஒருவர் பாடினார். மேடையில் நின்றது ஒளியால் ஆன உருவம். உடை மோரி ஹனாயே வடிவமைத்தது. அசைவுகள் தெந்தோ யோஷிமி என்ற பாடகியிடமிருந்து பதிவு செய்தவை. குரலைச் செய்தது யமஹாவின் மென்பொருள். பாட்டுக்கு நடுவே அந்த உருவம் பேசவும் செய்தது. ரொம்ப நாள் கழித்துப் பார்க்கிறவர் மாதிரி விசாரித்தது, இத்தனை காலமும் மக்களைக் கவனித்துக்கொண்டே இருந்ததாகச் சொன்னது, அவர்கள் பட்ட பாட்டைப் பாராட்டியது, தன் பங்குக்கும் சேர்த்து உழைக்கச் சொன்னது.

மிசோரா ஹிபாரி இதில் ஒன்றைக்கூடச் சொல்லவில்லை. அந்த வசனத்தை ஒருவர் எழுதினார், ஒரு கணினி உச்சரித்தது. உயிரோடு இருந்திருந்தால் அந்த மேடையில், அந்த நிறுவனத்துக்காக, அவர் இதைச் சொல்லியிருப்பாரா? இந்தக் கேள்விக்கே இடமில்லாமல் செய்துவிட்டார்கள் என்பதுதான் என் சண்டை.

ஹிபாரியை எனக்கு அறிமுகம் செய்தது வேலைதான். ஜப்பானிய வாடிக்கையாளர் ஒருவருக்காக ஐந்து வருஷம் கோட் எழுதினேன். கம்பெனி செலவில் மொழி வகுப்பு, தேர்வில் பாஸானால் கொஞ்சம் ஊக்கத்தொகை. காதுக்குப் பயிற்சி என்று டீச்சர் ஒருநாள் 'காவா நோ நாகாரே நோ யோ நி' என்ற பாட்டைப் போட்டார். நதியின் ஓட்டத்தைப் போல என்று பொருள். வரிகள் பாதிதான் புரிந்தன. ஆனால் அன்றிரவு ஆபீஸ் வண்டியில் திரும்பும்போது அதை ஏழெட்டு முறை கேட்டேன். அங்கிருந்து பின்னோக்கிப் போனேன்: 1966இன் 'கனாஷீ சாகே', 1952இன் 'ரிங்கோ ஒய்வாகே', கடைசியில் 1949இல் பன்னிரண்டு வயதில் உயரத் தொப்பியும் கோட்டுமாக அவர் பாடி நடித்த 'கனாஷிகி குச்சிபுவே'. நூற்றைம்பதுக்கும் மேற்பட்ட படங்கள். அதில் நான் பார்த்தது ஒரு கைப்பிடிகூட இருக்காது.

முதலில் என் பக்கம் நிற்பவர்களோடு ஒரு தகராறு. அந்த நிகழ்ச்சியைத் திட்டியவர்களில் பலர் சொன்னது, 'இதில் ஆன்மா இல்லை.' மரியாதையோடு சொல்கிறேன், இது சோம்பேறி வாதம். இந்தத் துறையில் இருப்பவன் நான். அந்த மென்பொருள் ஹிபாரியின் பழைய பதிவுகளிலிருந்து, எந்தச் சொல்லில் சுருதியைக் கொஞ்சம் கீழே தொட்டு ஏறுகிறார், தாளத்துக்கு எவ்வளவு பிந்தி வருகிறார், என்பதையெல்லாம் கற்றுக்கொண்டது. அதற்குமுன் அந்தப் பாட்டில் அவர் பாடியிராத சொற்களை, அவர் மாதிரியே பாடியது. செப்டம்பரில் முதலில் கேட்ட பழைய ரசிகர்கள் அழுதார்கள். அவர்களுக்குக் காது கேட்காது என்று சொல்ல நான் யார்? நாளைக்கு இதைவிட நன்றாக வரும். அப்போது 'சரி, இப்போது ஆன்மா வந்துவிட்டது' என்று ஒத்துக்கொள்வீர்களா?

அதோடு, 'நன்றாக இருக்கிறது, ஆனால் நிஜமில்லை' என்ற தீர்ப்பை வாழ்நாளில் முதலில் வாங்கியவரே ஹிபாரிதான். இயற்பெயர் காதோ கசுவே. யோகோஹாமாவில் மீன்கடைக்காரர் வீட்டில் 1937இல் பிறந்தவர். 1946இல், ஒன்பது வயதில், சிவப்பு உடை போட்டுக்கொண்டு என்.எச்.கேயின் வானொலிப் பாட்டுப் போட்டித் தேர்வுக்குப் போனார். தேறியவர்களுக்கு மணி அடிப்பார்கள். அவருக்கு அடிக்கவில்லை. நன்றாகத்தான் பாடுகிறாள், ஆனால் குழந்தை மாதிரி இல்லை என்றார்கள். பிறகு கசாகி ஷிசுகோவின் பூகி பாட்டுகளை அப்படியே பாடிப் பெயர் வாங்கியபோது, 'குட்டி கசாகி' என்று ஒரு பக்கம் கைதட்டல், போலி என்று மறுபக்கம் ஏச்சு. கவிஞர் சாதோ ஹாச்சிரோ, பூகி பாடும் சிறுமிகளே தனக்குப் பிடிக்காதவை என்று 1950இல் பத்திரிகையில் எழுதினார். அதே ஆண்டு அமெரிக்கப் பயணம் போனபோது, கசாகியின் இசையமைப்பாளர் ஹத்தோரி ரியோஇச்சியின் பாட்டுகளை அங்கே பாடக் கூடாது என்று தடை வந்தது.

பெரியவர்களின் துக்கம் ஒரு சின்ன உடம்பிலிருந்து வருவதைப் பார்த்து அன்றைக்கு அசூயைப்பட்டவர்களும், இன்றைக்கு ஸ்பீக்கரிலிருந்து வருவதைப் பார்த்து அசூயைப்படுகிறவர்களும் சொல்வது ஒன்றுதான். அதனால் அந்த வாதத்தை நான் எடுக்கப்போவதில்லை.

என் வாதம் 1973இல் இருக்கிறது.

ஆண்டின் கடைசி இரவில் என்.எச்.கே நடத்தும் 'கோஹாகு' பாட்டுப் போட்டியைச் சாதாரண டிவி நிகழ்ச்சி என்று நினைக்கக் கூடாது. ஜப்பானியக் குடும்பங்கள் கூடி உட்கார்ந்து பார்க்கும் சடங்கு அது. பெண்கள் அணியின் கடைசிப் பாடகர் என்பது அதில் பெரிய மரியாதை. 1963 முதல் 1972 வரை, தொடர்ந்து பத்து வருஷம், அந்த இடம் ஹிபாரியுடையது. 1973இல் அவருடைய தம்பி தெத்சுயா கைதானார். யாகுசா கும்பலோடு தொடர்பு உள்ளவர் என்று பேர். ஹிபாரி குடும்பத்துக்கும் யமகுச்சி-குமி தலைவருக்கும் இருந்த பழக்கமும் ரகசியமில்லை. பல ஊர்களின் பொது அரங்குகள் கதவைச் சாத்தின. தம்பியை நிகழ்ச்சிகளிலிருந்து விலக்கினால் போதும் என்ற சமாதானம் முன்னால் இருந்தது. அவர் விலக்கவில்லை. அந்த வருஷம் கோஹாகுவில் அவர் பெயர் இல்லை.

அவர் செய்தது சரியா என்று நான் தீர்ப்புச் சொல்ல வரவில்லை. யாகுசா பணம் ஜப்பானியக் கேளிக்கைத் தொழிலில் என்ன செய்தது என்பது தனிக் கட்டுரைக்குரியது. அதில் அவரைப் புனிதராக்க முடியாது. நான் சொல்வது வேறு. அவர் 'முடியாது' என்று சொன்னார். அதற்கான விலையையும் கொடுத்தார். அதன்பின் என்.எச்.கே பக்கம் அவர் சில வருஷம் போகவில்லை. கோஹாகு மேடைக்கு 1979இல் ஒரே ஒரு முறை வந்தார், அதுவும் போட்டிக்கு வெளியே, சிறப்பு விருந்தினராக. சாகும்வரை அவ்வளவுதான்.

இப்போது 2019ஐத் திரும்பப் பாருங்கள். அதே நிறுவனம். அதே இரவு. அதே மேடை. மணி அடிக்காதவர்களும் பட்டியலிலிருந்து பெயரை எடுத்தவர்களும் உட்கார்ந்திருந்த அதே வீட்டுக்குள், நடந்தது எதுவுமே நினைவில்லாத ஒரு ஹிபாரி வந்து எல்லாரையும் பாராட்டிவிட்டுப் போகிறார். மன்னிப்புக் கேட்க வேண்டியவர்கள் பாராட்டு வாங்கிக்கொண்டார்கள்!

நாங்கள் எழுதும் ஃபங்ஷனுக்கு ஒரு குணம் உண்டு. இன்புட் கொடுத்தால் அது ஏதாவது ஒரு அவுட்புட் தரும். ஹிபாரியின் பதிவுகளில் இருப்பதெல்லாம் அவர் பாடச் சம்மதித்த பாட்டுகள். மறுத்தவை எந்த டேப்பிலும் இல்லை. 1973 முதல் அந்த மேடையில் அவர் பாடாமல் இருந்த வருஷங்களை எந்த மாடலுக்கும் பயிற்சித் தரவாகக் கொடுக்க முடியாது. அதனால் அந்த மென்பொருள் ஹிபாரி, அகிமோதோ யசுஷி என்ன எழுதிக் கொடுத்தாலும் பாடும். நாளைக்கு ஒரு கட்சிப் பாட்டைக் கொடுத்தாலும் பாடும்.

'குடும்பம் சம்மதித்ததே' என்பார்கள். சம்மதித்தவர் அவருடைய வளர்ப்பு மகன். அந்தத் தம்பி தெத்சுயா பெற்ற பிள்ளை. ஹிபாரி வெளியூர் போகும் நாட்களில் அந்தப் பையன் தூங்குவதற்காகக் கதை படித்துப் பதிவு செய்து வைத்த நாடாக்கள் இருந்தன. 2019இல் பேச்சுக் குரலுக்கு அவையும் பயன்பட்டன. எனக்கு அந்த மகன் மேல் கோபம் இல்லை. அம்மாவின் குரலை இன்னொரு முறை கேட்க யாருக்குத்தான் ஆசை இருக்காது? ஆனால் ஒரு சின்னப் பையனின் தூக்கத்துக்காக எடுத்த குரல் அது. நாட்டுக்கே ஊக்க உரை நிகழ்த்துவதற்காக அவர் அதைப் பதிவு செய்யவில்லை.

'ரசிகர்கள் அழுதார்களே' என்பது அடுத்தது. ரசிகர் அன்பு உரிமைப் பத்திரம் இல்லை. 1957இல் அசகுசாவின் கொகுசாய் அரங்கில் ஹிபாரியின் முகத்தில் அமிலம் வீசியது அவருடைய ரசிகைதான். பத்தொன்பது வயது.

நம் ஊருக்கும் இது வந்தாயிற்று. 2024இல் 'லால் சலாம்' படத்தில் பம்பா பாக்யாவும் சாகுல் ஹமீதும் இறந்த பிறகு பாடினார்கள். குடும்பத்திடம் அனுமதி வாங்கினோம், சன்மானம் கொடுத்தோம் என்று ஏ.ஆர். ரஹ்மான் வெளிப்படையாகச் சொன்னார். அந்த ஒழுங்கு பாராட்டத்தக்கது. ஆனால் நம் விவாதம் அங்கேயே முடிந்துவிட்டது. யார் கையெழுத்துப் போட்டார்கள் என்று கேட்டோம். என்ன பாடவைத்தார்கள், செத்தவர் அதைப் பாடியிருப்பாரா என்று கேட்கவில்லை.

யமஷிதா தத்சுரோ என்ற பாடகர் 2020 ஜனவரியில் தன் வானொலி நிகழ்ச்சியில் இதை நிந்தனை என்று ஒரே வார்த்தையில் சொன்னார். எனக்கு அவ்வளவு சுத்தமாகச் சொல்லும் யோக்கியதை இல்லை. ஏன் என்றால் நானும் செய்தேன்.

நான் வேறு சாதியில் கல்யாணம் செய்துகொண்டேன். அப்பா என்னோடு பேசுவதை நிறுத்தினார். ஒன்றரை வருஷம். பிறகு இறந்துபோனார். அதற்குமுன் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் அவர் போட்ட வாய்ஸ் நோட்டுகள் என்னிடம் இருந்தன: மோட்டார் ரிப்பேர், பால் கணக்கு, தேங்காய் விலை. எல்லாம் சேர்த்துப் பதினோரு நிமிஷம். இந்தக் காலத்துக்கு அது தாராளம். ஒரு ராத்திரி லேப்டாப்பில் உட்கார்ந்தேன். முதலில் 'சாப்டியா' என்று சொல்ல வைத்தேன். அச்சு அசல். அப்புறம் 'சரி விடுறா, நீ பண்ணதுல தப்பில்ல' என்று டைப் பண்ணினேன்.

அதையும் சொன்னார். 'விடுறா'வில் அந்த 'டா'வுக்கு முன்னால் அவர் எப்போதும் விடும் சின்ன இடைவெளிகூட வந்தது. அழுதேன். நாலைந்து முறை கேட்டபிறகு அது கோபமாக மாறியது, யார் மேல் என்றுதான் தெரியவில்லை. அப்பா அந்த வாக்கியத்தைச் சொல்லாமல் செத்தவர். அவர் தப்பு செய்தார் என்றுதான் இன்றும் நினைக்கிறேன். ஆனால் அந்த ஒன்றரை வருஷப் பிடிவாதம் அவருடையது. அதில் எனக்கும் அவருக்கும் ஒரு சண்டை இருந்தது. அதைப் பத்து நிமிஷத்தில் நானே இரண்டு பக்கமும் பேசி முடித்துவிட்டேன்.

1981இல் அம்மா போய், அதன்பின் இரண்டு தம்பிகளும் போய், 1987இல் ஈரலும் இடுப்பெலும்பும் கெட்டு மாதக்கணக்கில் ஆஸ்பத்திரியில் கிடந்து, 1988 ஏப்ரல் 11 அன்று ஹிபாரி டோக்கியோ டோமில் பாடினார். மேடைக்குப் பின்னால் ஆம்புலன்ஸ் நின்றது. நாற்பது பாட்டு போலப் பாடிவிட்டு, நூறு மீட்டர் நீளமான நடைமேடையைக் கடைசியில் தானே நடந்து கடந்தார். வீடியோவில் பாருங்கள். ஒவ்வொரு அடியிலும் இடுப்பு வலி தெரியும். அடுத்த வருஷம் ஜூன் 24 அன்று, 52 வயதில் இறந்தார். நாட்டு மக்கள் கௌரவ விருதை அதற்கடுத்த மாதம் கொடுத்தார்கள். அதை வாங்கிய முதல் பெண் அவர்தான், வாங்க அவர் இல்லை.

அந்த நடையை யாரும் அவருக்கு எழுதிக் கொடுக்கவில்லை. வேண்டாம் என்று உட்கார்ந்திருக்கலாம். 2019இன் உருவத்துக்கு இடுப்பும் இல்லை, உட்காரவும் தெரியாது.

அம்மாவிடம் நான் அந்த ஆடியோவைப் போட்டுக் காட்டவில்லை. மனைவிக்குத் தெரியும், அவள் கேட்கமாட்டேன் என்றுவிட்டாள். இந்தக் கட்டுரையை எழுதி முடித்ததும் அழித்துவிடுவேன் என்று எழுத நினைத்தேன், அது பொய். ஃபைல் லேப்டாப்பில்தான் இருக்கிறது. பெயர் 'டெஸ்ட் 7'.