இருபது ரூபாய்தானே சார்!

துறைமுகத்தில் ஒரு மூட்டை நகர்ந்தாலும் கையெழுத்து கேட்பார்கள். இங்கே என் கணக்கிலிருந்து மே மாதக் கடைசியில் 20 ரூபாயைக் கேட்காமலே எடுத்திருக்கிறது வங்கி. போன வருஷமும்தான். பிரதமர் சுரக்‌ஷா விபத்துக் காப்பீடாம்!

"இருபது ரூபாய்தானே சார்?" என்றார் கவுன்டரில்.

2022 ஜூனுக்கு முன் அது 12 ரூபாய். இருக்கட்டும். அந்தக் காப்பீடு 70 வயதோடு முடிந்துவிடும். எனக்கு 72! ராயபுரம் மேம்பாலத்தில் லாரி அடித்தாலும் வீட்டுக்குக் காலணா வராது. பிறகெதற்குப் பிரிமியம்?

நான் கையெழுத்திட்ட படிவத்தைக் காட்டச் சொன்னேன். காட்டவில்லை. ஆட்டோ டெபிட்டை நிறுத்து, பணத்தைத் திருப்பிக் கொடு என்று எழுதிக் கொடுத்து, நகலில் சீல் வாங்கி வந்தேன். 30 நாளில் பதில் வராவிட்டால் ரிசர்வ் வங்கி குறைதீர்ப்பாளரிடம் போவேன். விசாரிக்க 14448.

உங்கள் பாஸ்புக்கிலும் மே மாதப் பக்கத்தைப் பாருங்கள்.