சமாரியனும் சர்க்காரும்

மயிலாப்பூரில் கல்யாணி ஆஸ்பத்திரி 1909-லும், செயின்ட் இசபெல் ஆஸ்பத்திரி 1949-லும் கிறிஸ்தவத் தொண்டால் எழுந்தன. அத்தொண்டை நாம் குறைத்து மதிப்பிடவில்லை. ஆனால் ஏழையின் வைத்தியச் செலவை யார் ஏற்பது?

நல்ல சமாரியன் கதையை எல்லோரும் அறிவர். கள்ளர் கையில் அடிபட்டுக் கிடந்தவனை அவன் சத்திரத்தில் சேர்த்தான். இரண்டு வெள்ளிக்காசு கொடுத்தான். மேற்கொண்டு ஆகும் செலவுக்கும் பொறுப்பேற்றான். அடிபட்டவனிடம் எவரும் முன்பணம் கேட்கவில்லை. இந்த நெறியை நாம் மனதார ஏற்கிறோம்.

ஆயினும் சமாரியன் ஒருவன். சாலையில் கிடப்போர் லட்சோப லட்சம். நன்கொடை வற்றினால் தர்ம ஆஸ்பத்திரியும் கட்டணத்தையே நாட வேண்டும். நோயாளியின் உயிர் தனவந்தரின் தயவில் தொங்கலாமா?

காசில்லை என்பதற்காக எவருக்கும் வைத்தியம் கிடைக்காமல் போகக் கூடாது என்று சர் ஜோசப் போர் தலைமை வகித்த கமிட்டி 1946-லேயே கூறியது. நாட்டின் மொத்த உற்பத்தியில் 2.5 சதவீதத்தை 2025-க்குள் பொதுச் சுகாதாரத்துக்குச் செலவிடுவதாக மத்திய சர்க்கார் 2017-ல் இலக்கு வைத்தது. கெடு கடந்தது; இலக்கு எட்டவில்லை.

தமிழ்நாட்டு முதலமைச்சர் காப்பீட்டுத் திட்டம் குடும்பத்துக்கு ஆண்டுக்கு 5 லட்சம் ரூபாய் வரை வைத்தியச் செலவை ஏற்கிறது. அது நிவாரணம்தான், மறுக்கவில்லை. ஆனால் அந்தப் பொதுப்பணத்தில் ஒரு பகுதி தனியார் ஆஸ்பத்திரிகளின் கல்லாவில் விழுகிறது. அதையே பக்கத்து ராயப்பேட்டை சர்க்கார் ஆஸ்பத்திரியில் படுக்கைக்கும் மருந்துக்கும் நர்சுகளுக்கும் செலவிட்டால், மக்கள் சொத்தாக நிலைக்கும்.

கஜானாவே சமாரியனாக வேண்டும் என்கிறோம். சாந்தோமில் ஜெபிக்கும் கிறிஸ்தவ அன்பர்களே, இந்தக் கோரிக்கை உங்களுடையதும் அல்லவா? சேர்ந்தே குரல் கொடுப்போம்!